சந்தனம் வைத்த கார்டு

விஜயதசமியன்று காலையில் பரிமளா கம்ப்யூட்டருக்குச் சூடம் காட்டினாள். மறுபூசை. ஆயுத பூசைக்குப் பொட்டு வைத்துப் படைத்ததை அன்று முழுக்கப் புழங்காமல் வைத்திருந்து, மறுநாள் ஒருமுறையாவது எடுத்துப் புழங்கிவிட வேண்டும். அரிவாள்மனையில் ஒரு கத்தரிக்காயை நறுக்கியிருந்தாள். மிக்ஸியை ஒரு சுற்று ஓடவிட்டிருந்தாள். கடைசியாகக் கணவனின் மேசைக்கு வந்து, சூடத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு பட்டனை அழுத்தினாள்.

உள்ளே காற்றாடி சுற்றத் தொடங்கியது. பெட்டியின் விளக்கு எரிந்தது. திரை மட்டும் கறுப்பாகவே இருந்தது. கொஞ்சம் கழித்து நடுவில் சின்னதாக ஒரு கட்டம் தோன்றி, சிக்னல் இல்லை என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு அதுவும் மறைந்தது.

அணைத்துவிட்டுத் திரும்பவும் போட்டாள். அதே கறுப்பு. அதில் அவள் முகம்தான் தெரிந்தது, நெற்றியில் புதுக் குங்குமத்தோடு.

பயம் அவளுக்கு எப்போதும் வயிற்றில்தான் ஆரம்பிக்கும். முதலில் ஒரு குளிர். அப்புறம் அது மேலேறி உள்ளங்கை இரண்டையும் ஈரமாக்கும். கை ஈரமான பிறகுதான் எதற்குப் பயப்படுகிறோம் என்று அவளுக்கே புரியும். இப்போது புரிந்தது. நேற்றுச் செய்த காரியம் கண்முன் வந்து நின்றது.

போன் அடித்தது. கணவன் திருமுருகன்.

"மறுபூசை போட்டாச்சா?"

"போட்டேங்க."

"சிஸ்டத்த ஆன் பண்ணுனியா?"

"ம்... ஆச்சுங்க." யோசிப்பதற்குள் வாய் சொல்லிவிட்டது.

"சரி. திருச்சி வந்துட்டேன். டீயக் குடிச்சிட்டு புதுக்கோட்டை பஸ் ஏறப்போறேன். வந்தவொடனே சிங்கப்பூர்க்காரருக்கு வீட்டு முகப்பு அனுப்பணும். பாப்பா என்ன பண்ணுது?"

"வரைஞ்சிக்கிட்டு இருக்கா."

அன்புமொழி தரையில் குப்புறப் படுத்துக் கிரேயானால் எதையோ தேய்த்துக்கொண்டிருந்தாள். இரண்டாம் வகுப்பு. அம்மா போனில் பேசும்போதெல்லாம் அவள் கை நின்றுவிடும். பேசி முடித்த பிறகு அம்மாவின் முகத்தை ஒரு பார்வை பார்த்துவிட்டுத்தான் மறுபடி வரைவாள். இப்போதும் பார்த்தாள். பரிமளா சிரித்துக் காட்டினாள். அந்தச் சிரிப்பை நம்பாமல் பிள்ளை குனிந்துகொண்டாள்.

திருமுருகன் வீடுகளுக்கு வரைபடம் போடுகிறவன். வெளிநாட்டில் இருந்துகொண்டு இந்தத் திருமயத்தைச் சுற்றி வீடு கட்டுகிறவர்கள், கட்டி முடித்தால் முகப்பு எப்படி இருக்கும் என்று அவன் செய்து அனுப்பும் படத்தைப் பார்த்துத்தான் சரி என்பார்கள். அந்தப் படங்களுக்காகவே ஒரு கிராபிக்ஸ் கார்டு வாங்கி வந்தான். பஸ்ஸில் திருச்சியிலிருந்து மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தான். அதை மாட்டி, கம்ப்யூட்டரை ஓட்டும் லினக்ஸ் மென்பொருளுக்குப் புரியவைத்து, முதல் படம் திரையில் வழவழவென்று சுழன்ற நாளில் பரிமளாவையும் கூப்பிட்டுக் காட்டினான். அவன் அப்படிக் கூப்பிட்டுக் காட்டிய நாட்கள் கொஞ்சம் என்பதால் அவளுக்கு அந்த நாள் நன்றாக நினைவிருந்தது.

இந்த வருடம் பூசைக்கு அவன் ஊரில் இல்லை. சென்னையில் வேலை இழுத்துக்கொண்டது, பண்டிகைக் கூட்டத்தில் பஸ்ஸும் கிடைக்கவில்லை. "சிஸ்டத்தத் தொடச்சுப் பொட்டு வெச்சிரு" என்று போனில் சொன்னான். வெளியே துடைத்துவிட்டு விட்டிருக்கலாம். அவள் அப்படி விடுகிறவள் இல்லை. அவனுக்குப் பிடித்த பொருளை அவனைவிட நன்றாகப் பார்த்துக்கொண்டால் அவன் முகம் மலரும் என்று ஒரு எண்ணம். பக்கவாட்டுத் தகடைக் கழற்றினாள். கார்டின் காற்றாடியில் பஞ்சு பஞ்சாகத் தூசி. மெல்ல உருவி வெளியே எடுத்து, ஈரத்துணியால் துடைத்து, இலையில் அளவு டேப்புக்கும் பைக் சாவிக்கும் பக்கத்தில் வைத்தாள். எல்லாவற்றுக்கும் முகத்தில் பொட்டு வைத்துக்கொண்டே வந்தவளுக்கு அந்தக் கார்டில் முகம் எது என்று தெரியவில்லை. ஒரு ஓரத்தில் மட்டும் தங்க நிறத்தில் பல் பல்லாக இருந்தது. மங்கலமாக அதுதான் தெரிந்தது. அங்கே நன்றாகக் குழைத்த சந்தனத்தை வைத்து, அதன்மேல் குங்குமமும் வைத்து, சாயங்காலம் அப்படியே திரும்பச் செருகிவிட்டாள்.

திருமுருகன் அடிக்கிறவன் இல்லை. அவனைப் பற்றி யார் பேசினாலும் அதைத்தான் முதலில் சொல்வார்கள். அவள் அப்பாவும் அதையேதான் கேட்டார். "கை நீட்டுறாரா? இல்லைல்ல? அப்புறம் என்ன ஆத்தா ஒனக்கு?"

அவன் பேச்சை நிறுத்துவான். அவ்வளவுதான். ஆடி மாதம் அவனுடைய அண்ணனிடம், வீடு கட்டுகிற ஒருவர் அவன் வரைபடம் பிடிக்கவில்லை என்று திருப்பிவிட்டதை அவள் வாய்தவறிச் சொல்லிவிட்டாள். அன்றைக்கு நின்ற பேச்சு ஆவணி பிறந்த பிறகுதான் திரும்பி வந்தது. அதுவரை வீட்டில் அவள் இருந்தாள், அவன் கண்ணுக்கு மட்டும் இல்லை. சாப்பிட்டான், தட்டைக் கழுவி வைத்தான். அவள் தண்ணீரை மேசையில் வைத்துவிட்டு உள்ளே போன பிறகுதான் எடுத்துக் குடிப்பான். சொல்ல வேண்டியதைப் பிள்ளையிடம் சொன்னான். "பாப்பா, நாளைக்கு அப்பா கீரனூர் போறேன்னு அம்மாட்ட சொல்லு." அன்புமொழி கூடத்துக்கும் அடுப்படிக்கும் நடுவில் நின்று சொல்லுவாள். பதிலை வாங்கிக்கொண்டு திரும்பிப் போவாள். ஒரு சொல் மாறிவிடக் கூடாதே என்று உதட்டை அசைத்துப் பார்த்துக்கொண்டே போவாள். முதலில் அது அவளுக்கு விளையாட்டாகத்தான் இருந்தது. ஆவணி முடியும்போது பள்ளிக்கூடத்திலிருந்து கூப்பிட்டார்கள். வகுப்பில் பிள்ளை வாயே திறப்பதில்லை, காதில் ஏதும் கோளாறா என்று டீச்சர் கேட்டார்.

இன்னொரு தடவை அது நடந்தால் பிள்ளை என்ன ஆவாள் என்பதைப் பரிமளாவால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. கை ஈரத்தைச் சேலையில் துடைத்துக்கொண்டு பாசிலாவைக் கூப்பிட்டாள்.

பாசிலா கல்லூரித் தோழி. கறம்பக்குடியில் கணவரோடு சேர்ந்து கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை நடத்துகிறாள். விஷயத்தைக் கேட்டதும் வீடியோவில் வந்துவிட்டாள்.

"கார்டக் கழட்டி என் மூஞ்சிக்கு நேரா காட்டுடீ. மொதல்ல ஒயரப் புடுங்கிட்டுத் தொடு."

பரிமளா காட்டினாள். தங்கப் பற்களின் இடுக்கில் சந்தனம் காய்ந்து வெடித்திருந்தது. அதற்குள் கடுகளவு ஒரு கரும்புள்ளி. முகர்ந்தால் சந்தன வாசனையையும் மீறிக் கருகல் வாடை.

"அல்லாவே. வெள்ளிக்கிழமைக்கு ஆத்தாளுக்கு அலங்காரம் பண்ற மாதிரி பண்ணி வெச்சிருக்க. கரண்டு போற எடம்டீ அது. ஈரச் சந்தனத்த அங்கிட்டா வெப்பாங்க?"

"பொழைக்குமா?"

"மவுத்தாப் போச்சு. மண்ணப் போட்டு மூட வேண்டியதுதான்." பரிமளாவின் முகத்தைப் பார்த்தாளோ என்னவோ, பாசிலா குரலை மாற்றிக்கொண்டாள். "அட, அழுவாத. படம் காட்ட கார்டு ஒண்ணுதான் வழின்னு யாரு சொன்னா? நிறைய ப்ராசஸருக்குள்ளயே சின்னதா ஒரு கிராபிக்ஸ் இருக்கும். அந்த முகப்பெல்லாம் மெதுவாத்தான் சுத்தும். ஆனா திரை எரியும். ப்ராசஸர் வந்த டப்பா இருக்கா? பேரைப் படி. கடைசில எஃப்னு முடிஞ்சா உள்ள கிராபிக்ஸ் இல்லன்னு அர்த்தம்."

பீரோவுக்கு மேல் டப்பா இருந்தது. ஸ்டூலில் ஏறி எடுத்தாள். பெயரைப் படித்தாள். எண்ணோடு முடிந்தது. எழுத்து எதுவும் இல்லை. இன்னொரு முறை விரலை வைத்துப் படித்தாள்.

"எஃப் இல்லடீ."

"நீ நல்ல நேரத்துல பொறந்தவ. திரையோட ஒயர பெட்டிக்குப் பின்னாடி மேல, கீபோர்டு சொருகுற எடத்துக்குப் பக்கத்துல மாட்டு. போர்டுலயே ஒரு ஓட்டை இருக்கும்."

இருந்தது. இதுவரை யாரும் எதையும் மாட்டாத ஓட்டை, பிளாஸ்டிக் மூடி போட்டு மூடியிருந்தது. ஒயரை அதில் மாற்றி மாட்டி பட்டனை அழுத்தினாள். கறுப்பு.

"ஒன் வீட்டுக்காரரு கார்டு வந்த தெம்புல உள்ள இருக்கறத ஆஃப் பண்ணி வெச்சிருப்பாரு. போர்டுல வட்டமா காசு மாதிரி ஒரு பேட்டரி தெரியுதா? ஒயரப் புடுங்கிட்டு அதக் கழட்டு. கொஞ்ச நேரம் வெளியவே இருக்கட்டும். போர்டு எல்லாத்தயும் மறந்துட்டு கடையிலேருந்து வந்தப்ப எப்படி இருந்துச்சோ அப்படி ஆயிரும்."

"எல்லாத்தயும்னா? அவரு வரைஞ்சதெல்லாம்?"

"அது டிஸ்க்குல இருக்கு, அதுக்கு ஒண்ணும் ஆவாது. மணி, தேதி, அவரு போட்ட கட்டளை, இதுதான் மறக்கும்."

பேட்டரியைக் கழற்றி உள்ளங்கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஒன்றைச் சரிசெய்யப் போய் இரண்டைக் கெடுக்கிறோமோ என்று தோன்றியது. கார்டு மட்டும் போனால் ஒரு மாதம் பேசமாட்டான். கம்ப்யூட்டரே போனால்? தன் பயத்துக்கு அவள் இப்படிக் கணக்குப் போடுவது இது முதல் முறை இல்லை. குழம்பில் உப்புக் கூடினால் இத்தனை, விருந்தாளி முன்னால் குறுக்கே பேசினால் இத்தனை என்று மனசு எப்போதும் எடை போட்டுக்கொண்டேதான் இருக்கிறது. எப்போதிருந்து இப்படி ஆனோம் என்று தேடிப் பார்த்தாள். தெரியவில்லை.

போன் அதிர்ந்தது. பாசிலாவின் முகத்துக்குமேல் திருமுருகனின் பெயர். எடுத்தாள்.

"கீரனூர் தாண்டிட்டேன். சாப்பாடு வீட்லதான்."

"சரிங்க." குரல் சரியாகத்தான் வந்தது. அது சரியாக வந்ததே அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

பேட்டரியைத் திரும்பப் போட்டு, ஒயரைச் செருகி, பட்டனை அழுத்தினாள். நீண்ட நேரம் ஒன்றுமில்லை. பிறகு திரையில் வெள்ளை எழுத்துகள் ஓடி வந்தன. பரிமளா வாயைப் பொத்திக்கொண்டாள். தேதி தப்பாக இருக்கிறது என்று அந்த எழுத்துகள் சொல்லின.

"தேதி கெடக்கட்டும், அப்புறம் பாத்துக்கலாம். மேல போ" என்றாள் பாசிலா.

லினக்ஸின் சின்னம் வந்தது. புள்ளிகள் சுழன்றன. அடுத்த நொடி திரை மறுபடி கறுத்தது. இந்த முறை மேல் மூலையில் ஒரு கோடு மட்டும் மின்னி மின்னி அணைந்தது. முன்பிருந்த கறுப்பைவிட இது மோசமாக இருந்தது. ஏதோ ஒன்று உள்ளே விழித்திருந்தும் வாய் திறக்க மறுப்பதுபோல. அவளுக்கு ஆடி மாதத்துக் கூடம் நினைவுக்கு வந்தது.

"பயப்படாத. லினக்ஸு இன்னும் பழைய கார்டத்தான் தேடிக்கிட்டு இருக்கு. கார்டு மாட்டுனப்ப ஒரு ஃபைல எழுதி வெச்சிருப்பாரு. அந்த ஃபைலோட பேர மாத்திட்டா தேடுறத விட்டுட்டு உள்ள இருக்கறத எடுத்துக்கும். அழிக்க வேணாம், பேர மட்டும் மாத்துவோம். பாஸ்வேர்டு என்ன?"

"தெரியாது."

"கட்டிக்கிட்டு இத்தன வருசமாச்சு, பாஸ்வேர்டு தெரியாதா? நல்ல பொண்டாட்டிடீ நீ."

"பாப்பாவுக்குத் தெரியும்னு நெனக்கிறேன். ஞாயித்துக்கிழமையில அதுல படம் வரைவா. அவளே அடிச்சு உள்ள போவா."

"அப்ப கூப்பிடு அவள. மனுசன் புதுக்கோட்டைக்கே வந்துருப்பாரு."

பரிமளா திரும்பினாள். அன்புமொழி கிரேயானை விட்டுவிட்டு உட்கார்ந்திருந்தாள். எல்லாவற்றையும் கேட்டிருந்தாள்.

"பாப்பா, அப்பா கம்ப்யூட்டர்ல என்ன அடிச்சு உள்ள போவ?"

பிள்ளை வாசலைப் பார்த்தாள். பிறகு அம்மாவைப் பார்த்தாள். உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை.

"சொல்லுடா கண்ணு."

"யாருகிட்டயும் சொல்லக் கூடாதுன்னு அப்பா சொன்னாங்க." இரண்டு கையையும் கவுனில் தேய்த்துத் துடைத்தாள். "சொன்னா என்கிட்டயும் பேசமாட்டாங்கம்மா."

பரிமளா அந்தக் கைகளையே பார்த்தாள். தேய்க்கத் தேய்க்கத் துணியில் ஈரம் பட்டுக்கொண்டிருந்தது. அந்த ஈரத்தை அவளுக்குத் தெரியும். தன் வயிற்றில் தொடங்கும் குளிர் அந்தச் சின்ன வயிற்றிலும் தொடங்கிவிட்டது. யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. இவ்வளவு நாளும் பயம் தன்னோடு நிற்கிறது, பிள்ளைக்கு வெறும் கோபதாபம்தான் தெரிகிறது என்று அவள் நினைத்திருந்தாள். இப்போது அந்தப் பிள்ளையின் வாயிலிருந்தே வார்த்தையைப் பிடுங்க நின்றுகொண்டிருக்கிறாள், அதுவும் பிள்ளையைக் காப்பாற்றுகிறேன் என்று.

"வேணாம்டா. சொல்ல வேணாம். நீ வரை" என்றாள். பாசிலாவிடம் திரும்பி, "வேற வழி இருக்கா?" என்றாள்.

"அடியே, புள்ள ஒரு வார்த்த சொன்னா முடிஞ்சுபோற..."

"வேற வழி இருக்கா சொல்லு."

பாசிலா நிமிர்ந்து உட்கார்ந்தாள். பிறகு, "இருக்கு" என்றாள். "ரெக்கவரின்னு ஒரு பின்வாசல். சில மெஷின்ல அங்கயும் பாஸ்வேர்டு கேக்கும், சிலதுல கேக்காது. அணைச்சுப் போடு. போட்டவொடனே எஸ்கேப்ப தட்டு. மெதுவா தட்டு, கதவ ஒடைக்காத."

தட்டினாள். முதல் தடவை நேரம் தவறி மறுபடி மின்னும் கோட்டிலேயே வந்து நின்றது. இரண்டாவது தடவை ஒரு பட்டியல் விரிந்தது. பாசிலா சொல்லச் சொல்ல அம்புக்குறியை நகர்த்தினாள். கறுப்புத் திரையில் வரிகள் மளமளவென்று ஓடி ஓரிடத்தில் நின்றன. பாஸ்வேர்டு கேட்கவில்லை. ஏதாவது அடி என்று காத்திருந்தது.

"முதல் வரி, டிஸ்க்குல எழுத அனுமதி. ரெண்டாவது வரி, பேர் மாத்தறது. நான் ஒவ்வொரு எழுத்தா சொல்றேன். எடம் விடுன்னா மட்டும் எடம் விடு."

பரிமளா அடித்தாள். கல்லூரி லேபில் இப்படி ஒரு கறுப்புத் திரையின் முன்னால் உட்கார்ந்திருக்கிறாள். இப்போது ஒவ்வொரு எழுத்துக்கும் திரையைப் பார்த்து, சரிதானா என்று வாய்விட்டுச் சொல்லி, என்டரைத் தட்டினாள். திரை ஒன்றும் சொல்லவில்லை.

"ஒண்ணும் சொல்லலையே?"

"லினக்ஸு திட்டலைன்னா சரின்னு அர்த்தம். அணைச்சுப் போடு."

சின்னம் வந்தது. புள்ளிகள் சுழன்றன. திரை கறுத்தது. பரிமளா கண்ணை மூடிக்கொண்டாள்.

"அம்மா" என்றாள் அன்புமொழி.

கண்ணைத் திறந்தபோது திரை முழுக்க வெளிச்சம். நீலப் பின்னணி. நடுவில் திருமுருகனின் பெயரும், பாஸ்வேர்டு கேட்கும் வெள்ளைக் கட்டமும். மேலே என்றைக்கோ போன ஒரு வருடத்தின் தேதி.

போனில் பாசிலா கைதட்டினாள். "இப்ப நான் சொல்றதக் கேளு. கார்டுல இருக்க சந்தனத்தச் சுத்தமா தொடச்சிட்டுப் பழைய எடத்துல வெறும சொருகி வெச்சிரு. கரண்டு போவாம, பல்லு முழுசா உள்ள எறங்காம மேலாப்புல நிறுத்து. வந்து பாத்தா, தானா போச்சுன்னு நெனச்சுக்குவாரு. கார்டுன்னா போவும்தான. ஒயர மாத்தச் சொன்னது நான்தான்னு சொல்லிக்க, சந்தனத்தப் பத்தி மட்டும் வாயத் தொறக்காத."

பரிமளா ஒரு பழைய பல்துலக்கியை எடுத்து வந்து பற்களின் இடுக்கில் தேய்க்க ஆரம்பித்தாள். சந்தனம் பொடிப் பொடியாக உதிர்ந்தது. இது நடந்துவிட்டால் இந்த வீட்டில் ஒன்றுமே நடக்கவில்லை. பேச்சு நிற்காது. பிள்ளை கூடத்துக்கும் அடுப்படிக்கும் நடுவில் நிற்க வேண்டியதில்லை.

அன்புமொழி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். உதிர்ந்த பொடியை விரலால் தொட்டு, ஒன்றுகூட்டி, தன் கவுன் மடியில் போட்டு மறைத்தாள்.

"நான் சொல்லமாட்டேம்மா" என்றாள் ரகசியக் குரலில். "அப்பா கேட்டாலும் சொல்லமாட்டேன்."

பல்துலக்கி பரிமளாவின் கையில் நின்றுபோனது.

பாசிலாவிடம் அப்புறம் பேசுகிறேன் என்று சொல்லிப் போனை வைத்தாள். பாதி சந்தனத்தோடும் கரும்புள்ளியோடும் கார்டை மேசையின் நடுவில் கொண்டுபோய் வைத்தாள். பிள்ளையின் மடியை உதறிவிட்டாள். அதன்பிறகு பஸ் சத்தம் கேட்கும்வரை ஒரு வேலையும் ஓடவில்லை. இரண்டு முறை மேசைக்குப் போய்க் கார்டைக் கையில் எடுத்தாள். இரண்டு முறையும் திரும்ப வைத்தாள்.

அவன் செருப்பைக் கழற்றிக்கொண்டிருக்கும்போதே சொன்னாள். தயங்கி நின்றால் சொல்லாமல் போய்விடுவோம் என்று அவளுக்குத் தெரியும்.

"கார்டு போயிருச்சுங்க. பொட்டு வெக்கிறேன்னு நான்தான் கழட்டினேன். காலைல போன்ல ஆச்சுன்னு சொன்னது பொய்."

திருமுருகன் பையோடு நின்றான். மேசைக்குப் போய்க் கார்டை எடுத்துத் திருப்பிப் பார்த்தான். முகர்ந்தான். வைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தான். அந்த முகத்தில் ஒவ்வொன்றாக எல்லாம் அடங்குவதைப் பரிமளா பார்த்துக்கொண்டே நின்றாள். கோபம்கூட இல்லை. வழக்கமான அந்த வெறுமை.

"பாப்பா, தண்ணி கொண்டாரச் சொல்லி அம்மாட்ட சொல்லு."

அன்புமொழி எழுந்துவிட்டாள். கால் தானாகவே நடுக் கூடத்துக்கு வந்துவிட்டது. உதட்டை அசைத்துப் பார்த்துக்கொண்டாள்.

"நீ உக்காரு பாப்பா" என்றாள் பரிமளா.

தண்ணீர் கொண்டுவந்தாள். மேசையில் வைக்கவில்லை. அவன் முன்னால் நின்று டம்ளரை நீட்டினாள். 

"என்கிட்டயே கேளுங்க. நான் இங்கதான நிக்கிறேன்." குரல் எங்கோ தூரத்திலிருந்து வருவதுபோல் இருந்தது. "இனிமே இவ நடுவுல வரமாட்டா."

அவன் நிமிரவில்லை. கம்ப்யூட்டரின் காற்றாடி மட்டும் சுற்றிக்கொண்டிருந்தது. மன்னிச்சிருங்க என்று ஒரு சொல் நாக்கின் நுனிவரை வந்தது. டம்ளரை மேசையில் வைத்துவிட்டு அடுப்படிக்குள் போய்விடலாம் என்று கால் கெஞ்சியது. வயிற்றின் குளிர் கைக்கு வந்து, விரல்கள் வழுக்கின. இன்னும் இறுக்கிப் பிடித்தாள். அன்புமொழி இரண்டு முகங்களையும் மாறி மாறிப் பார்த்தாள். 

திருமுருகன் திரையைப் பார்த்தான். அதில் எரிந்துகொண்டிருந்த தன் பெயரைப் பார்த்தான். அதற்கு மேலே இருந்த தேதியை வெகுநேரம் பார்த்தான். எட்டிக் குனிந்து பெட்டிக்குப் பின்னால் ஒயர் எங்கே போகிறது என்று பார்த்தான்.

"பேட்டரிய நீயா கழட்டின?"

திரையைப் பார்த்துத்தான் கேட்டான். கேள்வி யாருக்கு என்று ஒரு கணம் யாருக்கும் தெரியவில்லை.

"நான்தான்" என்றாள் பரிமளா. கை வலித்தது. பயம் அப்படியேதான் இருந்தது.

அவன் கை டம்ளரை நோக்கி வர நெடுநேரம் ஆனது. அதுவரை அவள் அதைக் கீழே வைக்கவில்லை.